அரைவட்டமும் அரைப்பேரும்

எனக்குக் கோபம் மூக்கு நுனியில் இருக்கும். இதை மறைத்துப் பயனில்லை. பதுளை பஸாரில் வாப்பாவின் புடவைக் கடைக்கு வந்துபோன யாரைக் கேட்டாலும் சொல்லிவிடுவார்கள். பள்ளிக்கூடம் விட்டு வந்து கடையில் நிற்கிற வயதிலேயே, சேலை சேலையாக விரிக்கச் சொல்லிவிட்டு ஒன்றும் வாங்காமல் எழும்பிப் போகிறவர்களைப் பார்த்து முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வேன். “இவள் யாவாரத்துக்குச் சரிவர மாட்டாள், டீச்சராகட்டும்” என்று வாப்பா தீர்மானித்தது அதனால்தான். கோபக்காரியை டீச்சராக்கலாம் என்ற யோசனை அவருக்கு எங்கிருந்து வந்ததோ, அதை மட்டும் நான் கேட்டதில்லை.

நான் படிப்பிக்கும் இடத்துக்குச் சமுதாயக் கல்லூரி என்று பெயர். வாசலில் பலகையும் இருக்கிறது. ஆனால் ஊரில் யாரும் அப்படிச் சொல்வதில்லை. ‘கோஸ் நடக்கிற இடம்’ என்பார்கள். தையல், கணினி, ஹோட்டல் வேலை எல்லாவற்றுக்கும் கோஸ் உண்டு. பக்கத்திலிருக்கும் எல்ல ஊரில் வெள்ளைக்காரர்கள் வந்து குவிவதால் ஹோட்டல் வேலைக்குத்தான் கூட்டம் அதிகம். என்னுடையது சின்ன வகுப்பு. முன்பள்ளியிலும் குழந்தை பராமரிப்பிலும் வேலை செய்ய விரும்புகிறவர்களுக்குச் சனி ஞாயிறுகளில் நடக்கிறது. பாதிப்பேர் பதுளை, பண்டாரவளைப் பக்கத்து டவுன் பெண்கள். மீதிப்பேர் பசறை, ஸ்பிரிங்வெளிப் பக்கத்துத் தோட்டங்களிலிருந்து வளைந்து வளைந்து வரும் பஸ்களில் தலைசுற்றலோடு வந்து இறங்குகிறவர்கள்.

சில வருடங்களுக்கு முன் எங்களுக்கு டெப் எனப்படும் கைக்கணினிகள் வந்தன. ஒவ்வொருவருக்கும் ஒன்று, கோஸ் முடியும்வரை வீட்டுக்குக் கொண்டுபோகலாம். பாடங்களை நாங்களே வீடியோவாக எடுத்து அதில் போட வேண்டும். மாணவிகள் வாரநாட்களில் வீட்டில் அதைப் பார்த்துவிட்டு, பாடத்தின் கீழே இருக்கும் கேள்விகளுக்கு விடை சொல்ல வேண்டும். வகுப்பு நேரத்தில் பேச்சைக் குறைத்து, பொம்மை செய்வது, கதை சொல்வது, குழந்தைக்கு முதலுதவி செய்வது என்று கையால் செய்கிறவற்றைச் செய்யலாம். யோசனை நல்லதுதான். எனக்குத்தான் டெப்பைப் பார்த்ததும் எரிச்சல் வந்தது. தொண்டை கிழியக் கத்தினாலே மண்டையில் ஏறாத விஷயம் கண்ணாடிக்குள்ளிருந்து பேசினால் ஏறுமா என்று கணினி அறைப் பொறுப்பாளரிடம் கேட்டேன். அவர் பண்டாரவளைக்காரர், பொறுமைசாலி. “செஞ்சு பாருங்க மிஸ்” என்பதற்குமேல் எதுவும் சொல்லவில்லை.

செய்து பார்த்தேன். எங்கள் வீட்டுப் பின்னறையில், ஜன்னலுக்கு எதிரே போனை நிறுத்திவைத்துப் பேசினேன். குழந்தைக்கு வயிற்றோட்டம் வந்தால் உடம்பில் நீர் வற்றுவதை எப்படிக் கண்டுபிடிப்பது என்று மும்முரமாக விளக்கிக்கொண்டிருந்தபோது, குசினியிலிருந்து உம்மா, “தேத்தண்ணி ஆறுது! எத்தின தரம் கூப்பிடுற?” என்று கத்தினார். திருப்பி எடுக்கும் பொறுமை எனக்கு இல்லை. அப்படியே ஏற்றிவிட்டேன்.

அந்த மென்பொருளில் ஒரு வசதி இருந்தது. எந்தப் பாடத்தில் எந்த இடத்தை மாணவிகள் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தார்கள் என்று எங்களுக்குக் காட்டும். அந்தப் பாடத்தில் ஓர் இடம் மட்டும் மலைபோல் எழும்பி நின்றது. நீர் வற்றும் அறிகுறிகளை அக்கறையாகப் படிக்கிறார்கள் என்று பூரித்துப்போய் அதைத் திறந்து பார்த்தேன். உம்மாவின் தேத்தண்ணி.

சிரித்துவிட்டேன். ஆனால் அந்த வசதியை அதற்குப் பிறகு நான் விடவில்லை. வகுப்பில் “விளங்கிச்சா?” என்று கேட்டால் எல்லோரும் ஒரே குரலில் “விளங்குச்சு மிஸ்” என்பார்கள். அதற்கு ஒரு பொருளும் கிடையாது. மரியாதைக்குச் சொல்வது. டெப்போ மரியாதை பார்க்காமல் உண்மையைச் சொன்னது. தடுப்பூசிகளைப் பற்றி நான் பேசிய இடத்தில் எல்லோரும் தட்டுத்தடுமாறி மூன்று நான்கு தரம் பின்னால் போயிருந்தார்கள். போட்டுப் பார்த்தேன். அவசரமாக, வாயில் சோற்றை வைத்துக்கொண்டு பேசுகிறவளைப் போல விழுங்கி விழுங்கிப் பேசியிருக்கிறேன். வருடக்கணக்காக அந்தப் பாடத்தை இப்படித்தான் படிப்பித்திருக்கிறேனா என்று நினைத்தபோது வெட்கமாக இருந்தது. அதை மெதுவாக மறுபடி எடுத்துப் போட்டேன். அந்த டெப்மீது இருந்த எரிச்சல் அன்றோடு குறைந்தது.

எல்லாம் சரியாகப் போய்க்கொண்டிருந்தது, அரைவட்டங்கள் வந்து நிற்கும்வரை.

ஒவ்வொரு பாடத்தின் பக்கத்திலும் ஒரு சின்ன வட்டம் இருக்கும். வீடியோவை முழுதாகப் பார்த்தால் பாதி வட்டம் பச்சையாகும். கேள்விகளுக்கும் விடை சொன்னால் மீதியும் நிறைந்து முழு வட்டமாகும். வீடியோவைக் கல்லூரியிலேயே இறக்கி எடுத்துக்கொண்டு போகலாம், ஆனால் கேள்விகளுக்கு இன்டர்நெட் வேண்டும். தோட்டத்து லயங்களில், அந்த வரிசை வீடுகளில், சிக்னல் கிடைப்பது குதிரைக்கொம்பு என்பது எங்களுக்கும் தெரியும். அதனால்தான் கல்லூரியில் வைஃபை வைத்திருந்தோம். சனிக்கிழமை வரும்போது விட்ட கேள்விகளை இங்கே உட்கார்ந்து நிரப்பிக்கொள்ளலாம். இதை முதல் வகுப்பிலேயே சொல்லியிருந்தேன். கோஸ் முடிகிற நாளில் மென்பொருள் தானாகப் பூட்டிக்கொள்ளும். அதற்குள் எல்லா வட்டமும் நிறைந்தவர்களின் பெயர் மட்டும் பரீட்சைக்குப் போகும்.

டவுன் பெண்களின் வட்டங்கள் முழுசாக இருந்தன. தோட்டத்துப் பெண்களுடையவை வரிசையாக அரை, அரை, அரை. ஊழியர் கூட்டத்தில் எங்கள் அதிபர் சேர் அதைச் சுவரில் பெரிதாகப் போட்டுக் காட்டினார். நல்ல மனிதர், குரலை உயர்த்தாதவர். அன்று அவருக்கும் சலிப்பு. பின்வரிசையில் யாரோ ஒருவர், “தோட்டத்துப் புள்ளைகளுக்கு எல்லாமே பாதியிலதான் நிக்கும்” என்றார். சிலர் சிரித்தார்கள். எனக்குச் சுரீர் என்றது. அப்படிச் சொன்னவர்மீது கோபம், அதற்கு இடம்கொடுத்த என் மாணவிகள்மீது அதைவிடக் கோபம். சொன்னவரை ஒன்றும் சொல்ல முடியாததால் மாணவிகளிடம் போய்க் கொட்டினேன். ஒருத்தியும் தலைநிமிரவில்லை. ஒருத்தியும் காரணமும் சொல்லவில்லை.

அவர்களில் ஒரு பெண்ணைப் பற்றித்தான் எனக்கு அதிகக் கவலை. முப்பது கடந்தவர், இரண்டு பிள்ளைகளின் தாய். ஸ்பிரிங்வெளிக்கும் மேலே ஒரு தோட்டத்தில் தேயிலைக் கொழுந்து பறிப்பவர். ஜன்னலோரம்தான் உட்காருவார், பேச்சு குறைவு. ஆனால் கதை சொல்லும் பயிற்சி வந்தபோது, பழைய காலுறை ஒன்றைக் கையில் மாட்டிக்கொண்டு அதை ஒரு பிடிவாதக்காரக் குழந்தையாக ஆக்கிக் காட்டினார் பாருங்கள்! காலுறை சாப்பிட மாட்டேன் என்றது, பாலைத் துப்பியது, தூங்கப் போகிறேன் என்று அவருடைய தோளிலேயே சாய்ந்தது. நாங்கள் வயிறு வலிக்கச் சிரித்தோம். பிள்ளைகளோடு இருப்பதற்கென்றே சிலர் பிறந்திருக்கிறார்கள் என்று அன்று நினைத்தேன்.

அவருடைய தோட்டத்தில் ஒரு பிள்ளைக்காம்பரா இருக்கிறது. தாய்மார் மலைக்குக் கொழுந்து பறிக்கப் போகும்போது கைக்குழந்தைகளை விட்டுவிட்டுப் போகும் இடம். அங்கே குழந்தைகளைப் பார்த்துக்கொண்டிருந்த அம்மா ஓய்வுபெறப் போகிறார். தோட்டத்துக்குள்ளேயே யாராவது சான்றிதழோடு இருந்தால் அவரையே எடுப்போம், இல்லாவிட்டால் வெளியிலிருந்து ஆள் எடுப்போம் என்று நிர்வாகம் சொல்லியிருந்தது. இதை அவரே எனக்குச் சொன்னார். “எங்க புள்ளைங்கள எங்கள்ல ஒருத்தி பாத்துக்கிட்டா நல்லாருக்கும்ல, மிஸ்?” என்றார். கேள்வியாகத்தான் சொன்னார், ஆனால் முகம் கேள்வி கேட்கவில்லை. அது அவருக்கு வேண்டும் என்று முகத்தில் எழுதியிருந்தது.

அப்படிப்பட்டவருடைய வட்டங்களும் அரைதான். ஒன்று தப்பாமல். வீடியோக்கள் எல்லாவற்றையும் இரண்டு மூன்று தரம் பார்த்திருக்கிறார், கேள்விகளைத் தொடவே இல்லை. சனி ஞாயிறுகளில் வைஃபைக்குக் கீழே உட்கார்ந்துகொண்டுதான் இருக்கிறார், அப்போதும் தொடவில்லை. எனக்கு விளங்கவே இல்லை. விளங்காத இடத்தில்தான் எனக்குக் கோபம் சீக்கிரம் வரும்.

கோஸின் கடைசி ஞாயிற்றுக்கிழமை அது. மறுநாள் பின்னேரம் மென்பொருள் பூட்டிக்கொள்ளும். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு தோட்டத்துப் பெண்களைக் கணினி அறைக்குக் கூப்பிட்டு உட்காரவைத்தேன். நேரே அவருக்கு முன்னால் போய் நின்றேன்.

“ஏன் புள்ள, இந்தக் கேள்விகளுக்கு நீங்க ஏன் விட சொல்லல்ல? விருப்பமில்லியா, ஏலாதா?”

அவர் என்னைப் புரியாமல் பார்த்தார். “அது முடிஞ்சுபோச்சுங்களே மிஸ்.”

“என்ன முடிஞ்சுபோச்சு?”

“அந்த நாளு.” டெப்பை என் பக்கம் திருப்பி ஒரு வட்டத்தைக் காட்டினார். “இந்தா, செவ்வாக்கெழம. வீட்டுல சிக்னல் இல்ல. படத்த மட்டுந்தான் பாத்தேன். அரைப்பேரு விழுந்துருச்சு. இது புதங்கெழம. இதுவும் அரைப்பேரு. எல்லாம் விழுந்ததுதானே மிஸ், இனி என்ன செய்ய?”

“அரைப்பேரா?” என்றேன்.

சுற்றியிருந்த பெண்கள் எல்லோரும் தலையாட்டினார்கள். எல்லோருக்கும் அது அரைப்பேர்தான். அவர்கள் அதற்கு வேறு சொல்லே வைத்திருக்கவில்லை என்பது அப்போதுதான் தெரிந்தது. ஒருத்தி இன்னொருத்தியிடம், “எனக்கு ஒன்னு ரெண்டு முழுப்பேரு இருக்குடி” என்று பெருமையாகக் காட்டினாள்.

இந்தச் சொல் எனக்குப் புதிதல்ல. சின்ன வயதில், தீபாவளிக்கு முன்னால் கடைக்கு வரும் தோட்டத்துப் பெண்கள், துணியைத் தடவிப் பார்த்துவிட்டு, “இந்த மாசம் பேர் கொறவுங்க, மொதலாளி” என்பார்கள். வீட்டில் ஆட்கள் குறைவு, அதனால் துணியும் குறைவாகப் போதும் என்கிறார்கள் போல என்று நான் நினைத்திருந்தேன். ஒரு தரம் மூன்று பிள்ளைகளை இழுத்துக்கொண்டு வந்த ஒருவர் அப்படிச் சொன்னபோது, இவ்வளவு பேரை வைத்துக்கொண்டு குறைவென்று பொய் சொல்கிறாரே என்று அவரை முறைத்தும் இருக்கிறேன்.

பேர் என்றால் அது இல்லை. தோட்டத்தில் விடியற்காலையில் எல்லோரும் பெரட்டுக்குப் போய் நிற்க வேண்டும். அங்கேதான் யார் யார் வந்தார்கள் என்று பார்த்து, யாருக்கு எந்த மலை என்று பிரித்து அனுப்புவார்கள். மத்தியானமும் பின்னேரமும் கொழுந்தை நிறுப்பார்கள். சொன்ன அளவு இருந்தால் அன்றைக்கு அவருக்கு ஒரு பேர், அதாவது ஒரு நாள் சம்பளம். குறைந்தால் அரைப்பேர். இடையில் வேலையை விட்டுப் போனாலும் அரைப்பேர். விழுந்தது விழுந்ததுதான். நேற்றைய அரைப்பேரை இன்றைக்குக் கூடுதலாகப் பறித்து முழுசாக்க முடியாது. அப்படி ஒன்றை யாரும் கேட்டதும் இல்லை. கேட்டால் கணக்கப்பிள்ளையோடு சண்டைக்குப் போகிறவள் என்ற பட்டம்தான் மிஞ்சும். ஆகவே அரைப்பேர் விழுந்த நாளை அவர்கள் திரும்பிப் பார்ப்பதில்லை. மறுநாள் காலையில் புதிதாகப் போய் நிற்பார்கள். டெப்பிலும் அதைத்தான் செய்திருக்கிறார்கள். நேற்றைய அரைவட்டத்தை விட்டுவிட்டு, இன்றைக்குப் புதுப் பாடம் பார்க்க ஒழுங்காக வந்து நின்றிருக்கிறார்கள்.

“நான்தான் முதல் நாளே சொன்னேனே, பிறகும் நிரப்பலாமெண்டு?” என்றேன். என் குரல் எனக்கே பரிதாபமாகக் கேட்டது.

“சொன்னீங்க மிஸ்,” என்றார் அவர், என் மனம் நோகக் கூடாது என்கிற மாதிரி. “அது சும்மா சொல்றதுன்னு நெனைச்சோம். கங்காணியும் அப்படித்தான் சொல்லுவாரு, நாளைக்குப் பாத்துக்கலாம்னு. பாக்கவா போறாரு?”

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். பச்சை வட்டத்தை வடிவமைத்தவர் எந்த நாட்டில் எந்தக் கதிரையில் இருந்தாரோ தெரியாது. பாதி நிறைந்த வட்டத்தைப் பார்த்தால், மீதியையும் நிரப்பிவிட வேண்டும் என்று எந்த மனிதருக்கும் ஆசை வரும் என்று அவர் நம்பியிருக்கிறார். பாதி என்றால் போய்விட்ட நாள் என்று தலைமுறை தலைமுறையாகப் பழகியவர்கள் இங்கே இருக்கிறார்கள் என்று அவருக்கு யார் சொல்வது?

அப்புறம் நேரத்தை வீணாக்கவில்லை. ஒரு வட்டத்தை எடுத்து, ஒரு பழைய செவ்வாய்க்கிழமையின் கேள்விகளை அவர்கள் கண்முன்னாலேயே நிரப்பிக் காட்டினேன். மீதிப் பாதி பச்சையானபோது ஒரு பெண், “ஐயோ, மாறுதே!” என்று கூவிவிட்டாள். வேறு எதையும் நான் விளக்க வேண்டி இருக்கவில்லை. எல்லோரும் குனிந்துகொண்டார்கள். அறையில் விரல் தட்டும் சத்தம் மட்டும்தான். பார்த்த வீடியோக்கள் ஆதலால் விடைகள் சரளமாக வந்தன.

பசறைப் பக்கத்துப் பெண்களுக்கு இருட்டும்வரை பஸ் உண்டு. அவர்கள் இருந்து முடித்துவிட்டார்கள். காலுறைப் பொம்மை காட்டியவருக்கு அப்படி இல்லை. மேல் தோட்டத்துக்கு ஞாயிற்றுக்கிழமையில் கடைசி பஸ் முன்னேரத்திலேயே போய்விடும். விட்டால் வேறு வழியில்லை. பாதி வட்டங்களை நிரப்பியிருந்தார், பாதி மீந்திருந்தது. டெப்பைப் பைக்குள் வைத்துக்கொண்டு எழுந்தார்.

“நாளைக்கு வாங்க,” என்றேன்.

“நாளைக்கு மல, மிஸ். கொழுந்து பொங்கி நிக்குற நேரம். இப்ப லீவு கேட்டா தோட்டத்து ஐயா மூஞ்சியத் தூக்குவாரு. பிள்ளைக்காம்பராவுக்கு ஆளு எடுக்குறதும் அவருதானே.”

நான் அதிபர் சேரின் வீட்டுக்குப் போன் போட்டு ஒருநாள் கூடுதலாகக் கேட்டேன். அரைப்பேர்க் கதையையும் சிங்களத்தில் முடிந்த மட்டும் சொன்னேன். அவர் முழுவதையும் கேட்டார். பிறகு, கூட்டத்தில் அந்த வட்டங்களைச் சுவரில் போட்டுக் காட்டியிருக்கக் கூடாது என்று மெதுவாகச் சொன்னார். ஆனால் பூட்டு எங்கள் கையில் இல்லை, அது கொழும்பிலிருந்து தானாக விழுகிற பூட்டு. “எப்படியாவது நாளைக்கு வரச் சொல்லுங்கள்” என்றார்.

மறுநாள் காலையிலேயே கணினி அறையைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். பொறுப்பாளரிடம், அந்த அரைவட்டத்தை எடுத்துவிட்டு வேறு ஏதாவது படம் போட முடியாதா என்று கேட்டேன். “அது நம்மளால ஏலாது மிஸ், கம்பனிக்காரன்தான் மாத்தணும்” என்றார். அப்படியானால் கடதாசி இருக்கிறதே என்று, பெரிய எழுத்தில் எழுதிச் சுவரில் ஒட்டினேன்: ‘அரைவட்டம் அரைப்பேர் அல்ல. நாளைக்கும் நிரப்பலாம். சும்மா சொல்லவில்லை.’ கடைசி வசனத்தைப் பார்த்துப் பொறுப்பாளர் தலையைச் சொறிந்தார். அதுதான் முக்கியம் என்றேன். அந்தக் கடதாசி இன்றும் அங்கேதான் இருக்கிறது.

மத்தியானமாகியும் அவர் வரவில்லை. மழை இருட்டிக்கொண்டு வந்தது. நான் வாசலுக்கும் அறைக்குமாக நடந்தேன். முதலில் நிர்வாகத்தைத் திட்டினேன், பிறகு பஸ்காரனை, பிறகு கொழும்புப் பூட்டை. வர மாட்டார் என்று நானே முடிவு செய்து, அதற்காக அவரையும் மனசுக்குள் திட்டத் தொடங்கியபோது, தெருவில் மழைக்குள் ஓட்டமும் நடையுமாக ஒருவர் வருவது தெரிந்தது.

மலையிலிருந்து நேரே வந்திருந்தார். உடுப்பு மாற்றவில்லை. இடுப்பில் கட்டும் படங்குச் சாக்கை மடித்து, டெப் நனையாமல் அதற்குள் சுற்றி மார்போடு அணைத்திருந்தார். விரல்களில் கொழுந்துக் கறை. மூச்சு வாங்கியது.

“எப்படி வந்தீங்க?”

“மத்தியான நிறுவையோட வந்துட்டேன் மிஸ். வயித்த வலின்னு சொல்லி.” கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு டெப்பை மேசையில் வைத்தார். “இன்னைக்கு அங்க அரைப்பேருதான். இங்க முழுசா போட்டுருங்க.”

நான் துவாயை எடுக்க உள்ளே போய்விட்டேன். அழுது வடிந்த முகத்தோடு ஒரு டீச்சர் முன்னால் நின்றால் அவரால் கேள்விகளைப் படிக்க முடியாது அல்லவா.

இரண்டு மூன்று பாடங்கள்தான் முடிந்திருக்கும், படீர் என்று இடி இடித்து மின்சாரம் போனது. வைஃபையும் போனது. அவர் டெப்பிலிருந்து கையை எடுத்துவிட்டு என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையை நான் மறக்க மாட்டேன். அதிர்ச்சியே இல்லை அதில். இப்படித்தான் நடக்கும் என்று தெரிந்தவருடைய பார்வை. எனக்கு வந்த கோபத்தில் மின்சார சபையின் ஏழு தலைமுறையையும் வாய்க்குள் வாழ்த்திவிட்டு, என் போனைத் திறந்து அதன் டேட்டாவில் டெப்பை இணைத்தேன். ஜன்னலோரம் வைத்தால்தான் சிக்னல் நிற்கிறது. அவருடைய பழைய இடமும் அதுதான். மழைச் சாரல் உள்ளே வராமல் பொறுப்பாளர் ஜன்னல் பக்கம் குடையை விரித்துப் பிடித்துக்கொண்டார்.

பாதியில் போன் அடித்தது. உம்மா. எடுக்காவிட்டால் எடுக்கும்வரை அடிப்பார். எடுத்ததும், “மழை கொட்டுது, இன்னும் ஊட்ட வராம என்ன செய்ற? தேத்தண்ணி ஊத்தி வெச்சு ஆறிட்டு!” என்று அறை முழுக்கக் கேட்கிற குரலில் சத்தம் போட்டார். டெப்பில் குனிந்திருந்தவர் தலைநிமிர்ந்தார். முகம் மலர்ந்தது.

“வீடியோவுல வர்ற அம்மாவா மிஸ்? எங்க வீட்டுப் புள்ளைங்களுக்கு அவங்கள நல்லாத் தெரியும். தெனமும் ராவுல போடச் சொல்லிக் கேக்குங்க.”

உம்மாவிடம் இதைச் சொன்னேன். குரல் தணிந்தது. “அந்தப் புள்ளைக்கும் ஏதாச்சும் குடிக்கக் குடுத்தியா?” என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டார்.

கடைசிப் பாடம் அந்த வயிற்றோட்டப் பாடம்தான். கடைசி விடையைத் தொட்டதும், மீந்திருந்த பாதி மெல்லப் பச்சையாகி மூடிக்கொண்டது. வரிசை முழுக்க வட்டங்கள். அவர் விரலால் மேலிருந்து கீழ்வரை ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தார்.

“இது ராவுல கொறைஞ்சுராதே மிஸ்?”

“எப்படிக் குறையும்?”

“கொழுந்துல ஈரம்னு சொல்லி நிறுவையில வெட்டுவாங்க. அது மாதிரி இதுல யாரும் வெட்ட மாட்டாங்களே?”

“வெட்ட மாட்டாங்க” என்றேன். உறுதியாகச் சொன்னேனே தவிர, அன்றிரவு எனக்குத்தான் தூக்கம் வரவில்லை. கொழும்பில் இருக்கும் ஒரு பூட்டை நம்பி ஒரு பெண்ணுக்கு வாக்குக் கொடுத்துவிட்டேனே என்று புரண்டுகொண்டிருந்தேன்.

அவர் பரீட்சை எழுதியதையும், இன்று அந்தப் பிள்ளைக்காம்பராவில் ஒரு மூலை நிறையக் காலுறைப் பொம்மைகள் தொங்குவதையும் சொல்லி முடிக்கலாம். அதெல்லாம் நடந்தது. ஆனால் அந்தப் பெண்ணை நினைக்கும்போது எனக்கு முதலில் வருவது அது இல்லை. அந்தப் பூட்டு விழுந்த மறுநாள் காலைதான் வருகிறது.

பரீட்சைக்குத் தெரிவானவர்களின் பெயர்கள் கல்லூரிக் கணினியில் வந்து விழுந்தன. மேலிருந்து கீழே விரலை ஓட்டினேன். பசறைப் பெண்கள் இருந்தார்கள். கடைசிக்குச் சற்று மேலே அவர் இருந்தார். உடனே போன் போட்டேன். மலையில் தேத்தண்ணி குடிக்கிற நேரம். லயத்தில் கிடைக்காத சிக்னல் மலை உச்சியில் கிடைக்கும். காற்றின் இரைச்சலுக்கு நடுவே அவருடைய குரல் வந்தது.

எப்படிச் சொல்வது என்று ஒரு வசனம் தயாராக வைத்திருந்தேன். நீங்கள் பரீட்சைக்குத் தகுதி பெற்றிருக்கிறீர்கள், வாழ்த்துகள் என்று. வாயைத் திறந்தால் அது வரவில்லை.

“உங்கட பேர் விழுந்திட்டு” என்றேன்.

அவர் காற்றுக்கு மறைவாக ஒதுங்குவது கேட்டது. பிறகு, மிகவும் சின்னக் குரலில், நம்பலாமா என்று பார்க்கிற மாதிரி கேட்டார்.

“முழுப்பேரா மிஸ்?”